48,000 வெள்ளி போய்விட்டது: “நடுவர் வரட்டும்” என்று சொல்பவர்களிடம் எச்சரிக்கை

48,000 சிங்கப்பூர் வெள்ளி இனித் திரும்பாது என்று வழக்கறிஞர் நேற்று சொல்லிவிட்டார். கோபம் ஆறுவதற்குள் எழுதுகிறேன்.

எங்கள் உணவகச் சமையலறையைப் புதுப்பிக்க ஒரு குத்தகையாளருக்குக் கொடுத்த முன்பணம் அது. அவர் வேலையைப் பாதியில் போட்டுவிட்டு, தம் லாரிகளையும் தளவாடங்களையும் விற்கத் தொடங்கினார். தகராறு வந்தால் நீதிமன்றத்துக்கு வெளியே நடுவர் ஒருவர் விசாரித்துத் தீர்ப்புச் சொல்லும் நடுவர் தீர்ப்பாயத்துக்கே போக வேண்டும் என்பது ஒப்பந்தம். அதனால் சிராங்கூன் சாலைப் பக்கம், தமிழில் பேசும் ஓர் ஆவணச் சேவை அலுவலகத்துக்குப் போனோம். சுவரில் சட்டப் புத்தகங்கள், மேசையில் முத்திரைகள். அந்த மனிதர் ஒப்பந்தத்தைப் பொறுமையாகப் படித்தார், எங்கள் பிள்ளைகளைப் பற்றி விசாரித்தார். “அக்கா, நடுவர் விசாரணை முடியும்வரை நீதிமன்றம் தலையிடாது. நடுவர் வந்ததும் அவரே குத்தகையாளரின் சொத்தையெல்லாம் விற்க முடியாமல் முடக்குவார். நான் பார்த்துக்கொள்கிறேன்” என்றார். அந்த “அக்கா”வை நம்பி 3,200 வெள்ளி கட்டினோம்.

அவர் சொன்னது பச்சைப் பொய். சிங்கப்பூர் நடுவர் தீர்ப்புச் சட்டத்தின் 31ஆம் பிரிவை, பிறகு நாங்கள் பார்த்த வழக்கறிஞர் விரித்துக் காட்டினார். நடுவர் விசாரணைக்குத் துணையாக உயர் நீதிமன்றம் இடைக்காலத் தடை விதிக்கலாம், சொத்து கைமாறாமல் முடக்கலாம். நடுவர் நியமனமே ஆகாத நிலையிலும் அவசரமென்றால் கேட்கலாம். எளிதில் கிடைத்துவிடாது. வலுவான வழக்கும், சொத்து கரையும் உண்மையான அபாயமும் இருப்பதைக் காட்ட வேண்டும். நமக்குப் பாதகமானதையும் மறைக்கக் கூடாது. உத்தரவு தவறென்று தெரிந்தால் இழப்பீடு தருவதாக உறுதியளிக்கவும் வேண்டும். ஆனாலும் வழி இருந்தது!

அதைவிடக் கொடுமை, அந்த ஆவணச் சேவை மனிதர் அனுப்பிய கடிதம். “பணம் தராவிட்டால் உங்கள் கணக்குகள் முடக்கப்படும்” என்று குத்தகையாளருக்கே எழுதியிருக்கிறார். எதிர்த்தரப்புக்குத் தெரியாமல் மனுச் செய்ய நீதிமன்றம் அனுமதிப்பதே, முன்கூட்டித் தெரிந்தால் பணத்தை மாற்றிவிடுவார்கள் என்பதால்தான். அப்படியே நடந்தது. கணக்கு காலி, லாரிகள் கைமாறிவிட்டன. எங்கள் 48,000 வெள்ளியும் அதோடு போயிற்று.

பிறகு கேட்டால், “கோப்பு நகர்கிறது”, “வழக்கறிஞர் வெளியூரில் இருக்கிறார்.” எந்த வழக்கறிஞர் என்றால் பதில் இல்லை. கடைசியில் வரவேற்பு மேசையிலிருந்த பெண், “நாங்கள் ஆவணம் தயாரிப்பவர்கள் மட்டுமே” என்றார். ரசீதைப் பார்த்தோம். “நிர்வாகக் கட்டணம்” என்று மட்டும் போட்டிருந்தது. தகுதியில்லாமல் வழக்கறிஞர் வேலை பார்ப்பது இங்கே குற்றம். புகார் எழுதிக்கொண்டிருக்கிறோம்.

என்ன செய்ய வேண்டும் என்று விரிவாக எழுத நினைத்தேன், கை நடுங்குகிறது. பணம் கட்டுமுன், வாங்குபவர் வழக்கறிஞர்தானா என்று அவர் பெயரைச் சட்ட அமைச்சின் இணையத்தளத்தில் தேடுங்கள். எதிராளி சொத்தை விற்கிறார் என்று தெரிந்தால் அன்றைக்கே உண்மையான வழக்கறிஞரிடம் போங்கள். அவரைக் கேட்காமல் மிரட்டல் கடிதம் எதுவும் அனுப்பவிடாதீர்கள்.