கல்யாண கேமராவா, சீரியல் கேமராவா?

கோலாலம்பூரில் நகைச்சுவைக் குறும்படம் மட்டும் எடுத்து வீட்டு வாடகை கட்ட முடியாது. சோறு போட ஒளிப்பதிவாளருக்கு இன்னொரு வேலை வேண்டும். தீபாவளி விளம்பரப் படங்கள் நல்ல காசுதான், ஆனால் வருஷத்துக்கு ஒரு சீசன். மிச்சம் இரண்டு வழி: தொலைக்காட்சித் தொடர், கல்யாண வீடியோ. நகைச்சுவைப் படம் எடுக்கிறவருக்கு எந்தப் பழக்கம் கை கொடுக்கும்?

சீரியல் யூனிட்டில் லைட்டிங் கை வேகம் வந்துவிடும். மலேசிய மின்சாரம் 50 ஹெர்ட்ஸ்; குழல் விளக்கு அதற்கேற்பக் கண்ணுக்குத் தெரியாமல் மினுக்கும். அதன் கீழ் நொடிக்கு 25 ஃபிரேம், 1/50 நொடி ஷட்டர் என்று விரல் தானாகவே போகும். கல்யாணப் பழக்கத்தில் ஸ்லோ மோஷனுக்காக 1/125 வைத்தவர் அதே விளக்கில் எடுத்தால் படம் முழுக்கப் பட்டை பட்டையாக ஓடும்.

ஆனால் சீரியல் ஒட்டவைக்கும் ஒரு வியாதி உண்டு. யார் பேசினாலும் அவர் முகத்துக்கே குளோசப். நகைச்சுவைக்கு அதுதான் எமன். உதாரணத்துக்கு, கோலாலம்பூர் செந்தூலில் ஒரு மாமாக் கடை (இந்திய முஸ்லிம் சாப்பாட்டுக் கடை). ஒருவர் புதுக் கார் வாங்கிய பெருமையை அளந்துகொண்டிருக்கிறார். பின்னால் தவணை வசூலிக்க வந்த ஆள் அந்தக் காரையே சுற்றிச் சுற்றிப் பார்க்கிறார். எதிரில் இருக்கும் நண்பர் தே தாரிக் (ஆற்றிய பால் டீ) கிளாஸை வாயருகே கொண்டுபோய் அப்படியே நிறுத்துகிறார். 35 மி.மீ. லென்ஸ், அபெர்ச்சர் என்ற லென்ஸ் துவாரத்தைக் குறுக்கி மூவரையும் ஃபோகஸில் வைத்து ஒரே வைட் ஷாட். வெட்டினால் சிரிப்பு செத்தது.

இப்படிச் சுற்றியிருப்பவர்களைக் கவனிப்பதைக் கல்யாண கேமராமேன் சொல்லிக்கொடுக்காமலே செய்வார். தாலி ஏறும்போது பெண்ணின் அம்மா முகத்தைப் பிடிக்கத் தெரிந்தவர் அவர். அங்கே ரீடேக் கிடையாது. யார் அடுத்து என்ன செய்வார் என்று முன்கூட்டியே மோப்பம் பிடிக்கும் அந்தக் கண்ணை எந்த செட்டும் கொடுக்காது. கேமரா ஆடாமல் தாங்கும் கிம்பல் கருவியை மட்டும் பிடுங்கி வைத்துவிட வேண்டும் (மிதக்கிற ஷாட்டில் யாரும் சிரித்து நான் பார்த்ததில்லை).

அதனால் என் ஓட்டு கல்யாணத்துக்கே. சீரியலில் சில மாதம் லைட்டிங் உதவியாளராக நின்றுவிட்டு வந்தால் இன்னும் நல்லது. விளக்கைக் கற்கலாம், கண்ணைக் கற்பது கஷ்டம். ஒரே இடைஞ்சல், கல்யாணம் பெரும்பாலும் சனி, ஞாயிறு. குறும்பட நடிகர்களும் ஆபீஸ் போகிறவர்கள், அவர்களுக்கும் அதே நாள்தான் லீவு. அதற்கு ஆடி மாசம் இருக்கிறது: ஜூலை நடுவிலிருந்து ஆகஸ்ட் நடுவரை கல்யாண டைரி காலி. அந்த வார இறுதிகளில் படத்தை எடுத்து முடித்தால், எடிட்டிங் முடிந்து தீபாவளிக்குள் வெளியிட்டுவிடலாம்.