பழைய ஃபுட்டேஜ் வேண்டுமா? ராயபுரத்தில் ஒரு சின்ன ஆபீஸ் இருக்கு

காசிமேடு பற்றிய டாக்குமெண்டரிக்காக 2004 சுனாமி காட்சிகள் தேவைப்பட்டது. யூடியூபில் இறக்கிக் கொடுத்துவிட்டு காசு கேட்கிற ஆட்கள் நிறைய உண்டு, இவர்கள் அப்படியில்லை. யார் எடுத்தது, உரிமை யாரிடம், நிமிடத்துக்கு என்ன ரேட், டிவிக்கு மட்டுமா ஓடிடிக்கும் சேர்த்தா என்று டைம்கோடோடு (காட்சி வீடியோவில் எந்த நிமிடம், நொடியில் வருகிறது என்ற குறிப்பு) ஷீட் போட்டே தந்தார்கள். 'காசிமேடு' என்று லேபிள் ஒட்டி வந்த ஒரு கிளிப்பை, பின்னால் தெரிகிற கலங்கரை விளக்கத்தைப் பார்த்துவிட்டு "இது நாகப்பட்டினம்ப்பா" என்று ஒதுக்கினார் அங்கிருந்த அக்கா. செம கண்ணு!

சினிமாப் படம் வெளியாகி 60 வருஷம் தாண்டினால் இந்தியாவில் காப்புரிமை போய்விடும், ஆனாலும் பிரிண்ட் (ஃபிலிம் சுருள்) வைத்திருப்பவருக்கு ஸ்கேன் செலவு கட்டியே ஆகணும் என்பதையும் முதலிலேயே சொல்லிவிட்டார்கள். போனை மட்டும் எடுக்க மாட்டார்கள், நேரில் போய்விடுங்கள்.