அதே ரீஃபண்ட், தப்பான படிவம்: எட்டு வரிக்காலத்தின் மென்பொருள் அனுபவம்

2018 ஆகஸ்டில் எஃப்-1 விசாவில் டெக்ஸாஸுக்குப் படிக்க வந்தேன். இப்போது எச்-1பி வேலை விசாவில் நியூஜெர்ஸியில் இருக்கிறேன். நடுவில் எட்டு வரிக்காலம் போய்விட்டது. ஜனவரி பிறந்தால் போதும், "எந்த சாஃப்ட்வேர்ல ஃபைல் பண்ணலாம்?" என்று யாராவது கேட்பார்கள். நான் திருப்பிக் கேட்பது ஒன்றைத்தான்: வரிக்கணக்குக்கு நீங்கள் ரெசிடென்ட்டா, நான்-ரெசிடென்ட்டா? பாதிப் பேருக்குப் பதில் தெரியாது. 2020-ல் எனக்கும் தெரியவில்லை.

முதல் வருஷம் சம்பளமே இல்லை. 8843 என்ற படிவத்தை மட்டும் கையால் நிரப்பி ஆஸ்டினுக்குத் தபாலில் போட்டேன். வருமானம் இல்லாத எஃப்-1 மாணவரும் இதை அனுப்ப வேண்டும். இதற்கு மென்பொருள் எதுவும் தேவையில்லை, பேனா போதும்.

வம்பு வந்தது இரண்டாவது வருஷம். வளாக உணவகத்தில் வேலை பார்த்து 2019-ல் எட்டாயிரம் டாலர் சொச்சம் சம்பாதித்திருந்தேன். ரூம்மேட் கைகாட்டிய ஒரு பிரபலமான இலவச மென்பொருளில் உட்கார்ந்தேன், இருபது நிமிஷத்தில் வேலை முடிந்தது. கம்பெனி தரும் ஆண்டுச் சம்பளச் சான்றான டபிள்யூ-2-வைப் படம் எடுத்தால் அதுவே எண்களைப் போட்டுக்கொண்டது. பிடித்த வரி முழுவதும் திரும்பி வரும் என்று பச்சை நிறத்தில் காட்டியது. அனுப்பிவிட்டேன். அது அனுப்பியது ரெசிடென்ட்டுக்கான 1040 படிவம். நான் அனுப்பியிருக்க வேண்டியது நான்-ரெசிடென்ட்டுக்கான 1040-என்ஆர்.

இதில் ஒரு விசித்திரம் உண்டு. நான்-ரெசிடென்ட்டுகளுக்குப் பொதுவாக, வருமானத்தில் நேராகக் கழித்துக்கொள்ளும் நிலையான தொகையான ஸ்டாண்டர்ட் டிடக்‌ஷன் கிடையாது. ஆனால் இந்தியா–அமெரிக்கா வரி ஒப்பந்தத்தின் 21-ஆம் பிரிவு இந்திய மாணவர்களுக்கு அதை அனுமதிக்கிறது. 2019-க்கு அது 12,200 டாலர். ஆக, என் எட்டாயிரத்துக்கு 1040-லும் வரி பூஜ்யம், 1040-என்ஆர்-லும் பூஜ்யம். ரீஃபண்ட் ஒரு சென்ட் கூட மாறாது. சீன மாணவனோ நேபாள மாணவனோ இந்தத் தப்பைச் செய்திருந்தால் எண் வேறாக வந்து, ஏதோ இடிக்கிறதே என்று யோசித்திருப்பான். எனக்கு எதுவும் இடிக்கவில்லை.

ஏப்ரல் 2020-ல்தான் இடித்தது. ஒரு நாள் காலை வங்கிக் கணக்கில் 'ஐஆர்எஸ் ட்ரெஸ் 310' என்ற குறிப்போடு 1,200 டாலர் விழுந்திருந்தது. "மச்சான், உனக்கும் வந்துச்சா?" என்று ரூம்மேட் துள்ளினான். கோவிட் நிவாரணப் பணம். நான்-ரெசிடென்ட்டுக்கு அதில் உரிமை இல்லை. 1040 அனுப்பியதால் நாங்கள் ரெசிடென்ட் என்று அமெரிக்க வரித்துறையான ஐஆர்எஸ் நம்பிவிட்டது. பணத்தைத் திருப்பித் தர 'யூ.எஸ். ட்ரெஷரி' பேரில் காசோலை எழுதி, அதன் குறிப்பில் '2020 ஈஐபி' என்று போட்டு, சோஷியல் செக்யூரிட்டி எண்ணையும் எழுதித் தபாலில் அனுப்பினேன். அதோடு 1040-எக்ஸ் என்ற திருத்தப் படிவம், அதன் பின்னால் சரியான 1040-என்ஆர், அதன் பின்னால் 8843. ஐஆர்எஸ் அலுவலகங்களே மூடிக்கிடந்த காலம் அது. பதில் வர ஒரு வருஷத்துக்கு மேல் ஆனது.

மென்பொருளைத் திட்டிப் பயனில்லை. நாம் சொன்னதை அது நம்புகிறது, அவ்வளவுதான். டர்போடாக்ஸ், ஃப்ரீடாக்ஸ்யூஎஸ்ஏ இரண்டிலும் 1040-என்ஆர் கிடையாது. டர்போடாக்ஸே நான்-ரெசிடென்ட்டுகளை, அவர்களுக்கென்றே உள்ள ஸ்பிரிண்டாக்ஸ் என்ற மென்பொருள் பக்கம் அனுப்பிவைக்கிறது. அந்த வரியை நாங்கள்தான் படிக்கவில்லை.

2020, 2021, 2022 மூன்று வருஷமும் ஸ்பிரிண்டாக்ஸ். பல பல்கலைக்கழகங்கள் மாணவர்களுக்கு இதற்கோ, இதே மாதிரியான கிளேசியருக்கோ இலவசக் குறியீடு தருகின்றன. சர்வதேச மாணவர் அலுவலகத்துக்கு ஒரு மின்னஞ்சல் போட்டாலே கிடைத்துவிடும். ஆனால் குறியீடு பெரும்பாலும் ஃபெடரல், அதாவது மத்திய அரசின் படிவத்துக்கு மட்டும். மாநிலத்துக்குத் தனிக் கட்டணம்.

இதில் எனக்குப் பிடித்தது, சம்பளத்தைப் பற்றிப் பேசுவதற்கு முன்பே விசாவைப் பற்றிப் பேசுவது. எந்த விசா, எப்போது வந்தீர்கள், எப்போதெல்லாம் ஊருக்குப் போனீர்கள், எத்தனை நாள் தங்கினீர்கள். அமெரிக்க வருகைப் பதிவான ஐ-94 தளத்திலிருந்து பயண வரலாற்றை இறக்கி வைத்துக்கொண்டு உட்கார்ந்தால் பத்து நிமிஷ வேலை. ஞாபகத்தை நம்பி உட்கார்ந்தால் பாஸ்போர்ட்டில் மங்கிய முத்திரைகளை டார்ச் அடித்துப் பார்க்க வேண்டியிருக்கும். ரெசிடென்ட் ஆகப் பொதுவாக இங்கே இருந்த நாட்கள் 183 ஆக வேண்டும்; எஃப்-1 மாணவருக்கு முதல் ஐந்து காலண்டர் ஆண்டுகளின் நாட்கள் அந்தக் கணக்கில் சேராது. டிசம்பர் 30-ல் வந்து இறங்கினாலும் அது ஒரு முழு ஆண்டு. எனக்கு 2018 முதல் 2022 வரை.

அந்த மூன்று வருஷத்தில் கையைச் சுட்ட விஷயம் இரண்டு. முதலாவது, ஓபிடி-யில் (படிப்பு முடிந்தபின் எஃப்-1-லேயே வேலை பார்க்கும் அனுமதி) சேர்ந்த முதல் கம்பெனி சம்பளத்திலிருந்து சோஷியல் செக்யூரிட்டி 6.2 சதவீதம், மெடிகேர் 1.45 சதவீதம் பிடித்துக்கொண்டே இருந்தது. நான்-ரெசிடென்ட் எஃப்-1 மாணவருக்கு இந்தப் பிடித்தம் கிடையாது. ஆறு மாதம் கழித்து, வரிப்படிவம் நிரப்பும்போதுதான் கவனித்தேன். கிட்டத்தட்ட மூவாயிரம் டாலர்! இதை 1040-என்ஆர் வழியாகத் திரும்ப வாங்க முடியாது. முதலில் கம்பெனியைக் கேட்க வேண்டும். அவர்கள் மறுத்தால் 843, 8316 என்ற இரண்டு படிவங்களை ஐஆர்எஸ்-க்கு அனுப்ப வேண்டும். எங்கள் எச்ஆர் அம்மாவுக்கு விஷயமே புதிது. ஐஆர்எஸ்-இன் 519-ஆம் வெளியீட்டில் அந்தப் பத்தியை மஞ்சளில் குறித்து அனுப்பினேன். இரண்டு மாதத்தில் பணமும் திருத்திய டபிள்யூ-2சி-யும் வந்தன.

இரண்டாவது, ஷேர். 2021-ல் எல்லாரும் வாங்கினார்கள், நானும் வாங்கினேன். ஆண்டில் 183 நாளோ அதற்கு மேலோ இங்கே இருக்கும் நான்-ரெசிடென்ட்டுக்கு அமெரிக்கப் பங்கு லாபத்தில் நேராக 30 சதவீதம் வரி. சம்பளத்துக்குள்ள வரி விகிதம் இதற்குப் பொருந்தாது, ஸ்டாண்டர்ட் டிடக்‌ஷனும் இதைக் குறைக்காது. இந்திய ஒப்பந்தத்திலும் இதற்குச் சலுகை இல்லை. டிவிடெண்டுக்கு மட்டும் 30-க்குப் பதில் 25. அதே நேரம், வங்கிச் சேமிப்பு வட்டிக்கு வரியே இல்லை. இது தெரிந்திருந்தால் அந்த வருஷம் பணத்தைச் சும்மா வங்கியிலேயே போட்டிருப்பேன்.

மாநிலம் தனிக் கதை. டெக்ஸாஸில் வருமான வரி இல்லை, நிம்மதி. நியூஜெர்ஸி வந்தபின் ஃபெடரலில் நான்-ரெசிடென்ட், மாநிலத்தில் ரெசிடென்ட் என்று ஒரே ஆள் இரண்டு வேஷம். அங்கே ஸ்டாண்டர்ட் டிடக்‌ஷனும் இல்லை, 1,000 டாலர் தனிநபர் விலக்குதான். ஸ்பிரிண்டாக்ஸில் மாநிலத்துக்கும் கட்டிப் படிவம் எடுத்துக்கொண்டேன். சிக்கனக்கார நண்பர் ஒருவர் ஓஎல்டி என்ற இன்னொரு மென்பொருளில் 1040-என்ஆர் போடுகிறார். மலிவுதான், ஆனால் ஒப்பந்தப் பிரிவு நமக்கே தெரிந்திருக்க வேண்டும்.

2022 அக்டோபரில் எச்-1பி வந்தது. "இனி நீ ரெசிடென்ட்" என்று ஆபீஸில் ஆளாளுக்குச் சொன்னார்கள். அப்படி இல்லை. அந்த ஆண்டில் எண்ணிக்கைக்கு வந்தவை 92 நாட்கள்தான், 183 ஆகவில்லை. ஆகவே 2022-க்கும் 1040-என்ஆர். 2023-ல்தான் முறையாக 1040-க்கு மாறினேன்.

மாறியதும் ஃப்ரீடாக்ஸ்யூஎஸ்ஏ. ஃபெடரல் இலவசம், மாநிலத்துக்கு அப்போது சுமார் 15 டாலர். ஆடம்பரம் இல்லாத, பழைய பாணித் திரைகள். நமக்கு அதுவே வசதி, எந்த எண் எந்தப் படிவத்துக்குப் போகிறது என்று தெரிகிறது. ஆனால் ரெசிடென்ட் ஆனால் உலக வருமானம் முழுவதும் சொல்ல வேண்டும். ஊரில் அப்பா என் பேரில் போட்ட டெபாசிட்டின் வட்டியும் இதில் சேர்த்தி. வெளிநாட்டு இந்தியர்களுக்கான என்ஆர்இ கணக்கின் வட்டிக்கு இந்தியாவில் வரி இல்லை என்பதால் இங்கேயும் இல்லை என்று நினைக்கிறவர்கள் நிறைய. இங்கே உண்டு. தலைவலி என்னவென்றால், இந்திய வங்கி தரும் சான்றிதழ் ஏப்ரல் முதல் மார்ச் வரை, இங்கே ஜனவரி முதல் டிசம்பர் வரை. ஸ்டேட்மெண்டை இறக்கி, வட்டி வரவுகளை ஒவ்வொன்றாக எக்ஸெல்லில் போட்டு, ஐஆர்எஸ் வெளியிடும் ஆண்டுச் சராசரி மாற்று விகிதத்தால் வகுக்கிறேன். அங்கே பிடித்த டிடிஎஸ்-இல் திரும்பி வராத வரியை 1116 படிவத்தில் கழித்துக்கொள்ளலாம். இந்த வட்டிக் கணக்கை நமக்காக நான் பார்த்த எந்த மென்பொருளும் போட்டுத் தராது.

வெளிநாட்டுக் கணக்குகளைத் தெரிவிக்கும் எஃப்பார் அறிக்கை அதைவிட மோசம், அது வரிப்படிவமே இல்லை. வெளிநாட்டுக் கணக்குகளின் மொத்தம் ஆண்டில் ஒரு நாளாவது 10,000 டாலரைத் தாண்டினால் நிதிக் குற்றங்களைக் கண்காணிக்கும் அமைப்பான ஃபின்சென் தளத்தில் தனியாகப் பதிய வேண்டும். பத்து நிமிஷ வேலை, மறந்தால் அபராதம் பெரிது.

2024-ல் கல்யாணம். மனைவி அக்டோபரில், எச்-1பி-காரரின் துணைக்கான எச்-4 விசாவில் வந்தாள். வருஷக் கடைசியில் அவள் நான்-ரெசிடென்ட், நான் ரெசிடென்ட். இருவரும் கையெழுத்திட்ட ஓர் அறிக்கையை இணைத்து, அவளையும் ரெசிடென்ட்டாகக் கருதச் சொல்லிச் சேர்ந்தே தாக்கல் செய்யலாம். டிடக்‌ஷன் 14,600-லிருந்து 29,200 ஆகும். பதிலுக்கு, சென்னையில் அவள் ஒன்பது மாதம் வாங்கிய சம்பளமும் உள்ளே வரும். இரண்டு விதமாகவும் போட்டுப் பார்த்தேன், அங்கே கட்டிய வரியைக் கழித்தபின் சேர்ந்து போடுவதே லாபம். அவளுக்கு ஐடின் எண் (சோஷியல் செக்யூரிட்டி எண் கிடைக்காதவர்களுக்கான வரி எண்) இல்லாததால் இ-ஃபைல் கிடையாது. எல்லாவற்றையும் அச்சிட்டு, அந்த எண்ணுக்கு விண்ணப்பிக்கும் டபிள்யூ-7 படிவத்தோடு, பாஸ்போர்ட்டையும் காட்டித் தர வேண்டும். "பாஸ்போர்ட்டைத் தபால்ல அனுப்பப் போறீங்களா? எனக்கு ஏதாவது அவசரம்னா எப்படிப் போவேன்?" என்றாள். நியாயம்தானே! ஐஆர்எஸ் உதவி மையத்தில் நேரம் வாங்கிப் போனோம். அலுவலர் பாஸ்போர்ட்டைப் புரட்டிப் பார்த்து, நகல் எடுத்துக்கொண்டு, அங்கேயே கையில் கொடுத்துவிட்டார்.

இந்த வருஷம் இருவருக்கும் எண் இருக்கிறது. 2025 கணக்கை ஒரு சனிக்கிழமை சாயங்காலம் இ-ஃபைல் செய்து முடித்தோம். பாக்கி இருப்பது இந்தியாவில் அவளுக்கு உள்ள மியூச்சுவல் ஃபண்ட் எஸ்ஐபி. விற்காமல் வைத்திருக்கும்வரை, ஆண்டுக் கடைசி மதிப்பு தம்பதிக்கு 50,000 டாலருக்குள் இருந்தால், பொதுவாக வெளிநாட்டு ஃபண்டுகளுக்கான 8621 படிவம் வேண்டியதில்லை. விற்றால் அது வேண்டும், டர்போடாக்ஸில் கூட அது கிடையாது. அவள் தங்கை கல்யாணத்துக்கு அதை எடுக்கலாமா என்று பேச்சு ஓடுகிறது. எடுப்பதாக இருந்தால், எடுப்பதற்கு முன்பே ஒரு சிபிஏ-வை, அதாவது உரிமம் பெற்ற கணக்காளரைப் பார்ப்பதாக ஒப்பந்தம்.