பேப்பரா கூண்டா தெருவா? நாலாவது மாடி நாய்க்குட்டிக்கு கக்கூஸ் பழக்க எது சரிப்படும்

யாங்கூன்ல நம்ம ஆளுங்க பாதிப்பேர் இருக்குற மாதிரிதான் எங்க வீடும், பழைய கட்டடம், நாலாவது மாடி, லிஃப்ட் கிடையாது, படிக்கட்டு ஏணி மாதிரி நிக்கும். சாமான் வாங்குறதுக்கு பால்கனியில இருந்து கயிறு தொங்கவிட்டு மேல இழுத்துக்குவோம், நாய்க்குட்டிய அதுல இறக்க முடியுமா சொல்லுங்க. ரெண்டு மாசக் குட்டி ரொம்பப் போனா மூணு மணி நேரம் ஒண்ணுக்கு அடக்கும், முழிச்சிருந்து விளையாடுனா அதுகூட தாங்காது. தூங்கி எந்திரிச்சதும், தின்னதும், ஆடி முடிச்சதும் கட்டாயம் போகும். அதனால எந்த வழி நல்லதுன்னு கேக்குறதுக்கு முன்னாடி உங்க வீட்டுப் படிக்கட்ட எண்ணிப் பாருங்க.

தெருவுக்குக் கூட்டிட்டுப் போறதுதான் நாய்க்கு சீக்கிரம் புரியும், வெளிய போச்சா, அந்த நொடியே ஒரு துண்டு கோழி, முடிஞ்சது. வீட்டுக்குள்ள வந்து குடுத்தா எதுக்குக் குடுத்தாங்கன்னே அதுக்குத் தெரியாது. ஆனா ஊசி எல்லாம் முடிய நாலு மாசம் ஆகும், அதுக்குள்ள நம்ம தெருவுல இறக்கினா பார்வோங்குற வாந்திபேதி நோய் பயம், அந்தக் கிருமி மண்ணுல மாசக்கணக்கா கிடக்கும், தெரு நாய்ங்க எத்தனைன்னு உங்களுக்கே தெரியும். மே கடைசியில மழை புடிச்சா அக்டோபர் வரைக்கும் தண்ணி நிக்கும், அதுல எலிக்காய்ச்சல் வேற. ராத்திரி கரண்ட் போன படிக்கட்டுல குட்டியத் தூக்கிட்டு இறங்கினவன் நான், முட்டி இன்னும் வலிக்குது.

கூண்டு நல்ல யோசனைதான், படுக்குற இடத்த நாய் அசிங்கம் பண்ணாது, அந்தக் குணத்த நம்பித்தான் இது. எந்திரிச்சு நின்னு திரும்பிப் படுக்குற அளவு போதும், பெருசா வாங்குனா ஒரு மூலை படுக்கை ஒரு மூலை கக்கூஸ்னு அதுவே பிரிச்சுக்கும். நாங்க ராத்திரிக்கு மட்டும் வெச்சோம். ஏப்ரல் வெயில்ல ஃபேனும் இல்லாம பகல்ல அடைச்சு வெக்குறது பாவம்ங்க. கடைக் கூண்டுலயே நாள் முழுக்கக் கிடந்து வளந்த குட்டின்னா இது பலிக்குறதும் கஷ்டம், அந்தக் கூச்சமே அதுக்கு விட்டுப் போயிருக்கும்.

மிச்சம் பேப்பர். எங்க வீட்டுல ஜெயிச்சது இதுதான், கொஞ்சம் தலைவலியோட. பால்கனிப் பக்கம் நாலஞ்சு தாள் விரிச்சு, மாத்தும்போது நனைஞ்ச தாள்ல ஒரு துண்ட அடியில விட்டோம், அந்த வாடைய மோந்து திரும்ப அங்கேயே வரும். தப்பான இடத்துல போனா மூக்க வெச்சுத் தேய்க்காதீங்க, அது மறைவாப் போகத்தான் கத்துக்கும். வெறும் சோப்புத்தண்ணி போட்டா நமக்கு வாடை போயிடும், அதுக்குப் போகாது, என்சைம் கலந்த மருந்து பெட் ஷாப்ல கேட்டு வாங்குங்க. தலைவலி என்னன்னா, தரையில கிடக்குற மெத்துன்னு எதுவும் கக்கூஸ்தான்னு முடிவு பண்ணிடும். மாமா படிக்காம வெச்ச பேப்பர், கால்மிதி, ஒருதடவ அம்மாவோட பூஜைப் பாய் கூட. இதுக்குன்னே கடையில விக்குற பஞ்சு பேட் நல்லா உறிஞ்சும், ஆனா காசு, அதையும் கடிச்சுப் பஞ்சாக்கிடும்.

இப்ப ஆறு மாசம் ஆச்சு, காலையிலயும் சாயங்காலமும் கீழ போறான், வாசல்ல போய் நின்னு ஒரு பார்வை பாப்பான். பால்கனியில ரெண்டு தாள் மட்டும் இன்னும் கிடக்கு, மழை ராத்திரிக்கு.