உயர் நீதிமன்றத்துக்கு எதிரே 70 ரூபாய்க்கு வாங்கிய சட்டப் புத்தகம்: ஓர் அச்சகக்காரரின் மதிப்புரை

அலுவல் ரகசியச் சட்டம், 1923. உரை, விளக்கம் எதுவும் இல்லாமல் சட்டத்தின் வாசகத்தை மட்டும் ஆங்கிலத்தில் அச்சிட்ட மெல்லிய பதிப்பு. வழக்கறிஞர்கள் இதை ‘பேர் ஆக்ட்’ என்பார்கள். விலை 70 ரூபாய். தம்புச் செட்டித் தெருவை ஒட்டிய ஒரு சட்டப் புத்தகக் கடையில் வாங்கினேன். பதிப்பகத்தின் பெயரைச் சொல்லப்போவதில்லை. நான் சொல்லவிருக்கும் குறைகள் இந்த வகைப் பதிப்புகள் பலவற்றுக்கும் பொருந்தும்.

திருவல்லிக்கேணியில் சிறிய ஆஃப்செட் அச்சகம் நடத்துகிறேன். அழைப்பிதழ், பில் புத்தகம், துண்டறிக்கை போக, மாதம் இருமுறை வரும் செய்தி இதழ் ஒன்றும் எங்களிடம் அச்சாகிறது. அதன் கடைசிப் பக்கத்தின் அடியில், பொடி எழுத்தில், ‘அச்சிட்டவர்’ என்று என் பெயர் இருக்கும். 1867-ஆம் ஆண்டின் பழைய பத்திரிகைப் பதிவுச் சட்டம் போய் 2023-இல் புதியது வந்துவிட்டது. ஆனாலும் அந்த வரி போகவில்லை. வாசகர் கண்ணில் படாத வரி அது. வழக்கு என்று வந்தால் முதலில் தேடப்படுவதும் அதுதான். சென்ற மாதம் அந்த இதழின் ஆசிரியர் வந்து, “அண்ணே, ‘ரகசியம்’ என்று முத்திரை குத்திய அரசுக் கோப்பின் நகல் நம் கைக்கு வந்தால் அச்சடிப்பீர்களா?” என்று கேட்டார். சட்டத்தைப் படித்துவிட்டுச் சொல்கிறேன் என்றேன். அதற்காகத்தான் இந்தப் புத்தகம்.

முதலில் என் தொழில் பார்வை. 60 ஜிஎஸ்எம் மேப்லித்தோ தாள், இரண்டு ஃபாரம் (ஒரு ஃபாரம் பொதுவாக 16 பக்கம்), நடுவில் பின் அடித்த கட்டு. மை சீராக விழுந்திருக்கிறது, தாளின் மறுபக்கம் தெரியவில்லை. இந்த விலைக்கு நியாயமான வேலைதான். ஆனால் பக்கம் அமைத்தவர் சட்டத்தைப் படிக்காமல் அமைத்திருக்கிறார். 5-ஆம் பிரிவுதான் இந்தச் சட்டத்தின் உயிர். அது வலப்பக்கத்தில் பாதியில் தொடங்கி, பக்கத்தின் கடைசி வரியில் நடு வாக்கியத்தில் முறிகிறது. தண்டனை என்ன என்பது தாளைத் திருப்பினால்தான் தெரியும். எந்தத் திருத்தம் எந்த ஆண்டு வந்தது என்று சொல்லும் அடிக்குறிப்புகள் 6 பாயிண்டில் இருக்கின்றன. 1967-இல் செய்த முக்கியமான திருத்தங்களைக் கண்டுபிடிக்க எனக்குப் பூதக்கண்ணாடி தேவைப்பட்டது. ஒரு பத்திரிகைக்காரன் உள்ளே போவதா வெளியே இருப்பதா என்பதைத் தீர்மானிக்கும் பிரிவை ஒரே பக்கத்தில் வைக்க நாலு வரி இடம் ஒதுக்கியிருக்கலாம்.

இனி உள்ளடக்கம். சட்டத்தின் பெயரிலேயே ‘ரகசியம்’ இருக்கிறது. 2-ஆம் பிரிவில் ‘தடைசெய்யப்பட்ட இடம்’ எது, ‘போர்த் தளவாடம்’ எது என்றெல்லாம் வரையறை உண்டு. ரகசியம் எது என்பதற்கு மட்டும் இல்லை. திரும்பத் திரும்பத் தேடினேன், இல்லவே இல்லை. ஆக, ஓர் அதிகாரி மேசையில் இருக்கும் ரப்பர் முத்திரைதான் அந்த வரையறையின் இடத்தில் நிற்கிறது.

5-ஆம் பிரிவின் முதல் உட்பிரிவு, அரசுப் பதவியில் இருப்பவர் நம்பிக்கையின் பேரில் கொடுத்த தகவலைக் கைவசம் வைத்திருந்து, அனுமதியில்லாத ஒருவருக்குத் தெரிவிப்பதைக் குற்றமாக்குகிறது. சரி, அது கசியவிட்டவர் பாடு என்று நினைத்துக்கொண்டு படித்தால், இரண்டாவது உட்பிரிவு பெற்றுக்கொண்டவரைப் பிடிக்கிறது. சட்டத்தை மீறிக் கொடுக்கப்படுகிறது என்று தெரிந்தோ, அப்படி நம்பக் காரணம் இருந்தோ, தானாக முன்வந்து வாங்கினாலே குற்றம். அச்சில் ஏறியிருக்க வேண்டும் என்றுகூட இல்லை. மூன்று ஆண்டு வரை சிறை, அல்லது அபராதம், அல்லது இரண்டும். உளவு பார்ப்பதற்கான 3-ஆம் பிரிவு இன்னும் கடுமை. பாதுகாப்புத் துறை சார்ந்ததென்றால் 14 ஆண்டு வரை போகும். அங்கே குறிப்பிட்ட செயல் ஒன்றை நிரூபிக்காவிட்டாலும், ஒருவரது நடத்தையையும் அறியப்பட்ட குணத்தையும் கொண்டே நோக்கத்தை முடிவு செய்யலாம் என்று எழுதியிருக்கிறது. வெள்ளைக்காரன் தன் ஆட்சியைக் காத்துக்கொள்ள எழுதிய வரி அது. சுதந்திர நாட்டின் புத்தகத்தில் அதை இன்னும் அச்சடித்துக்கொண்டிருப்பது எனக்கு வெட்கமாக இருக்கிறது.

ஆறுதலான இடமும் ஒன்று உண்டு. 13-ஆம் பிரிவின்படி, உரிய அரசின் உத்தரவோ அதிகாரமோ பெற்ற புகார் இல்லாமல் நீதிமன்றம் இந்த வழக்கை எடுக்க முடியாது. உள்ளூர் ஆய்வாளர் கோபத்தில் போட்டுவிடக்கூடிய வழக்கு அல்ல. ஆனால் கோபம் அரசுக்கே என்றால் இந்தப் பாதுகாப்பால் என்ன பயன்?

இந்தப் பதிப்பின் பெரிய குறை, வழக்குகள் பற்றி ஒரு வரிகூட இல்லாதது. இதை மட்டும் படிப்பவர் ஒன்று நடுங்கிப்போய் வாயை மூடிக்கொள்வார், அல்லது பழங்காலத்துச் சட்டம்தானே என்று அலட்சியமாக இருந்துவிடுவார். இரண்டுமே ஆபத்து. இப்திகார் கிலானி என்ற பத்திரிகையாளரை டெல்லியில் 2002 ஜூனில் இந்தச் சட்டத்தின் கீழ் கைது செய்தார்கள். அவருடைய கணினியில் இருந்தது பாகிஸ்தான் ஆய்வு நிறுவனம் ஒன்று வெளிப்படையாக வெளியிட்ட ஆவணம். யாரும் படிக்கக் கிடைத்தது. அதற்காகத் திகார் சிறையில் ஏழு மாதம். கடைசியில் அரசே வழக்கைத் திரும்பப் பெற்றது. அந்த ஏழு மாதத்தை யார் திருப்பிக் கொடுத்தார்கள்?

மறுபக்கமும் சொல்ல வேண்டும். 2019-இல் ரஃபேல் போர் விமான ஒப்பந்த ஆவணங்களைச் சென்னையிலிருந்து வெளிவரும் ‘தி இந்து’ வெளியிட்டது. அந்த ஒப்பந்தம் குறித்த வழக்கில், அவை திருடப்பட்டவை, நீதிமன்றம் பார்க்கவே கூடாது என்று மத்திய அரசு வாதிட்டது. ஏப்ரல் 10 அன்று உச்ச நீதிமன்றத்தின் மூன்று நீதிபதிகளும் அந்த ஆட்சேபத்தை ஒருமனதாகத் தள்ளினார்கள். ரகசியம் என்று குறித்த ஆவணத்தை வெளியிடாமல் தடுக்கும் அதிகாரத்தை அலுவல் ரகசியச் சட்டமோ வேறு சட்டமோ அரசுக்குத் தரவில்லை என்றார்கள். அதற்கு அவர்கள் துணைக்கு அழைத்த தீர்ப்புகளில் ஒன்று நம் ஊரோடு தொடர்புடையது. ‘கிராஸ் ரோட்ஸ்’ என்ற வார இதழ் மாகாணத்துக்குள் வரக்கூடாது என்று சென்னை அரசு போட்ட தடையை 1950-இல் ரத்து செய்த ரொமேஷ் தாப்பர் வழக்கு அது.

அச்சகக்காரன் என்ற முறையில் என் மனத்துக்கு நெருக்கமானது 1994-ஆம் ஆண்டின் ‘நக்கீரன்’ வழக்கு. கொலை வழக்கில் மரண தண்டனை பெற்ற ஆட்டோ சங்கர் சிறையில் எழுதிய தன்வரலாற்றில் அதிகாரிகளுடன் தனக்கிருந்த தொடர்பைச் சொல்லியிருந்தார். அதை வெளியிடக் கூடாது என்று சிறைத்துறைத் தலைவரே இதழுக்குக் கடிதம் எழுதினார். உச்ச நீதிமன்றம் போனவர் அந்த இதழுக்கு ஆசிரியர், அச்சிடுபவர், வெளியிடுபவர் ஆகிய மூன்றுமாக இருந்தவர். வெளிவருவதற்கு முன்பே தடுக்க அரசுக்கோ அதிகாரிகளுக்கோ உரிமை கிடையாது, வெளிவந்த பிறகு வேண்டுமானால் வழக்குப் போடட்டும் என்றது தீர்ப்பு.

‘வெளிவந்த பிறகு’ என்பதில்தான் எங்கள் தலைக்கு மேல் கத்தி தொங்குகிறது. அமெரிக்காவிலும் இதே கதை. வியட்நாம் போர் பற்றிய பென்டகன் ஆவணங்களை ‘நியூயார்க் டைம்ஸ்’ வெளியிடுவதைத் தடுக்க முடியாது என்று 1971 ஜூன் 30 அன்று அந்நாட்டு உச்ச நீதிமன்றம் 6-க்கு 3 என்று தீர்ப்பளித்தது. பின்னால் வழக்குத் தொடரவே முடியாது என்று சொல்லவில்லை. ஆவணங்களைக் கொடுத்த டேனியல் எல்ஸ்பெர்க் மீது வழக்கு நடந்தது. அரசுத் தரப்பின் முறைகேடுகளால் 1973-இல் அது தள்ளுபடியானது. பத்திரிகையை விட்டுவிட்டார்கள். அடுத்த தலைமுறையில் அதுவும் மாறியது. கசிந்த ரகசிய ஆவணங்களை வெளியிடும் விக்கிலீக்ஸ் இணையதளத்தின் ஜூலியன் அசாஞ்சே மீது 1917-ஆம் ஆண்டு உளவுச் சட்டத்தின் கீழ் 17 குற்றச்சாட்டுகள், கணினி தொடர்பாக இன்னொன்று. லண்டன் பெல்மார்ஷ் சிறையில் ஐந்து ஆண்டுகளுக்கு மேல் இருந்தவர், 2024 ஜூனில் அமெரிக்க ஆட்சிக்குட்பட்ட சைபன் தீவின் நீதிமன்றத்தில் ஒரு குற்றத்தை ஒப்புக்கொண்ட பிறகே ஆஸ்திரேலியா திரும்ப முடிந்தது. அவருடைய நடத்தையில் எனக்குப் பிடிக்காதவை உண்டு. ஆனால் ஆவணத்தைப் பெற்று வெளியிட்டதையே குற்றம் என்று ஒப்புக்கொள்ள வைத்தார்களே, அது எல்லாப் பத்திரிகைகளுக்கும் விடப்பட்ட மிரட்டல். 2011-இல் விக்கிலீக்ஸிடம் பெற்ற இந்தியா தொடர்பான தூதரகத் தகவல்களைச் சென்னையிலிருந்தே ‘தி இந்து’ நாள் கணக்கில் வெளியிட்டது. அதை இங்கே நினைத்துக்கொள்ள வேண்டும்.

கடையைப் பற்றியும் சொல்லியாக வேண்டும், ஏனென்றால் புத்தகத்தைவிடக் கடைக்காரர் எனக்கு அதிகம் உதவினார். குறுகலான கடை, கூரைவரை அடுக்கு. சட்டத்தின் பெயரைச் சொன்னதும் ஏணியில் ஏறாமலே கையை நீட்டி எடுத்தார். “எதற்கு சார்? பத்திரிகையா?” என்று கேட்டார். ஆமாம் என்றதும், “அப்படியென்றால் இதைத் தனியாக எடுத்துப் போகாதீர்கள்” என்று தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் பிரதியையும் மேலே வைத்தார். 8-ஆம் பிரிவின் இரண்டாவது உட்பிரிவைத் தானே திறந்து காட்டினார். 1923-ஆம் ஆண்டுச் சட்டம் என்ன சொன்னாலும், ஏற்படும் தீங்கைவிடப் பொதுநலன் பெரிதென்றால் தகவலைக் கொடுக்கலாம் என்கிறது அது. 22-ஆம் பிரிவு இன்னும் தெளிவு: இரண்டும் மோதினால் 2005-ஆம் ஆண்டுச் சட்டமே மேலோங்கும். முறையாக மனுப் போட்டுத் தகவல் கேட்பவருக்கான வழி இது. கசிந்த தாளை அச்சடித்தவனுக்கு நேரடிக் கவசம் என்று சொல்லிவிட முடியாது. ஆனாலும் ரஃபேல் தீர்ப்பில் நீதிபதி கே.எம். ஜோசப் அந்த 8-ஆம் பிரிவைத்தான் விரிவாக எடுத்துப் பேசினார். நாளைக்கு நீதிமன்றத்தில் நிற்க நேர்ந்தால் கையில் இருக்க வேண்டிய பக்கம் அது.

வாங்கலாமா என்றால், சிறு பத்திரிகை நடத்துபவர்களும் அச்சகம் வைத்திருப்பவர்களும் கட்டாயம் வாங்க வேண்டும் என்பேன். தகவல் உரிமைச் சட்டத்தோடு சேர்த்து வாங்குங்கள். 2019, 1994 தீர்ப்புகளை உச்ச நீதிமன்றத்தின் தளத்திலிருந்து இறக்கி, நகலெடுத்து, இதனோடு சேர்த்துத் தைத்துவிடுங்கள். பாதுகாப்புத் துறை வரைபடத்தையோ படை நகர்வையோ யாராவது கொண்டுவந்தால் நான் தொடமாட்டேன், அதில் எனக்குக் குழப்பமில்லை. ஊழலையும் பொய்யையும் மறைக்கக் குத்திய முத்திரை என்றால் அச்சடிப்பேன் என்று அந்த ஆசிரியரிடம் சொல்லிவிட்டேன். வெளியிடும் முன் வழக்கறிஞர் ஒருவரிடம் காட்ட வேண்டும், கொடுத்தவரின் பெயர் என் அச்சகத்துக்குள் வரவே கூடாது என்று இரண்டு நிபந்தனைகள் போட்டிருக்கிறேன்.

இதற்கு ஒரு தமிழ்ப் பதிப்பு தேவை. கடைக்காரரிடம் கேட்டேன், தன்னிடம் அப்படி எதுவும் இல்லை என்றார். 5-ஆம் பிரிவு ஒரே பக்கத்தில், ஒவ்வொரு பிரிவுக்கும் கீழே தொடர்புடைய தீர்ப்பின் சாரம், அடிக்குறிப்பு 9 பாயிண்டுக்குக் குறையாமல். நாலு ஃபாரத்தில் அடங்கும். சட்டம் தெரிந்த யாராவது மொழிபெயர்த்து, சரிபார்த்துக் கொடுத்தால், தாளுக்கும் பிளேட்டுக்கும் ஆகும் செலவை மட்டும் வாங்கிக்கொண்டு நான் அச்சடித்துத் தருகிறேன்.