பொள்ளாச்சி லைட் யூனிட்: தோப்புக்குள் எடுப்பவர்களுக்கு

பாலக்காடு எல்லையோரத் தென்னந்தோப்புகளில் படம் எடுக்கும் சின்னக் குழுக்களுக்கு, பொள்ளாச்சியில் உள்ள இந்தப் படப்பிடிப்பு விளக்கு வாடகை யூனிட் தாராளமாகப் போதும். வெயிலை மென்மையாக்கும் 12 அடி ஸ்கிம்மர் துணிகள் கிழிசலோ மஞ்சளிப்போ இல்லாமல் வருகின்றன. வாடகைச் சாமானில் இது அபூர்வம். ஆனால் ஆனி, ஆடியில் பாலக்காட்டுக் கணவாய்க் காற்று பிய்த்து எடுக்கும். ஸ்டாண்டுக்கு இரண்டு மணல் மூட்டை, நாலு மூலைக்கும் கயிறு என்று கேட்டு வாங்குங்கள். கேட்காவிட்டால் வண்டியில் பாதிதான் ஏறும்.

ஓலையில் பட்டு வரும் வெளிச்சம் முகத்தைப் பச்சையாக்கும். கேமராவில் நிறத்தைச் சமன் செய்யும் ஒயிட் பேலன்ஸை மட்டும் மாற்றினால் முகம் சரியாகும், வானம் ஊதாச் சிவப்பாகிவிடும். பச்சை வரும் பக்கம் கறுப்புத் துணி, எதிர்ப்பக்கம் வெள்ளைத் தெர்மோகோல். இரண்டும் இங்கே உண்டு.

பகல் வெளிச்சம் போல எரியும் எச்எம்ஐ விளக்குகளில் சிலவற்றுக்கு, மின்சாரத்தைக் கட்டுப்படுத்தும் பலாஸ்ட் பழைய காந்த வகை. நொடிக்கு 24 ஃபிரேமுக்குக் கேமரா ஷட்டர் 172.8 டிகிரி வையுங்கள், ஜெனரேட்டர் 50 ஹெர்ட்ஸில் நிற்கிறதா என்றும் பாருங்கள். இல்லாவிட்டால் படம் துடிக்கும். ஸ்லோமோஷனுக்கு எலக்ட்ரானிக் பலாஸ்ட்தான்.

லைட்மேன்கள் தமிழ், மலையாளம் இரண்டிலும் வெளுத்துக் கட்டுகிறார்கள். டீசலும் பேட்டாவும் வாடகையில் சேராது, முன்பே பேசிக்கொள்ளுங்கள்.