பரணில் இருந்து பிசிஎஸ்எக்ஸ்2 வரை: என் பிஎஸ்2-இன் பயாஸ்

பரணில் கிடந்த தடித்த பிளேஸ்டேஷன் 2-ஐ இறக்கித் தூசு தட்டியது ஒரே ஒரு ஃபைலுக்காகத்தான். பிஎஸ்2 கேம்களைக் கணினியில் ஓட்டும் பிசிஎஸ்எக்ஸ்2 எமுலேட்டர் இலவசம். ஆனால் அதற்குத் தேவையான பயாஸ், அதாவது மிஷினைத் தொடக்கிவைக்கும் அடிப்படை மென்பொருள், சோனியின் உடைமை என்பதால் அதோடு சேர்ந்து வராது. கேம்பாய் அட்வான்ஸ் கேம்களை எம்ஜிபிஏ எமுலேட்டரில் பயாஸ் இல்லாமலே ஆடிவிடலாம். இங்கே அந்தச் சலுகை கிடையாது. எவரோ நெட்டில் ஏற்றிவைத்ததை எடுக்க எனக்கு மனமில்லை. மிஷின்தான் வீட்டிலேயே இருக்கிறதே!

வெளி புரோகிராம்களையும் பிஎஸ்2-இல் ஓட்ட வழிசெய்யும் ஃப்ரீ எம்சி பூட் ஏற்றிய மெமரி கார்டு என்னிடம் இருந்தது. பயாஸ்டிரெயின் என்ற சின்ன புரோகிராமை பென்டிரைவில் போட்டு, ஃபைல்களைப் பட்டியலிட்டுத் திறக்கும் யூலாஞ்ச்எல்ஃப் வழியாக ஓட்டினால் போதும், பயாஸ் மொத்தமும் அதே பென்டிரைவில் இறங்கிவிடும். என் முதல் முயற்சி வீண். 64 ஜிபி பென்டிரைவ், எக்ஸ்ஃபேட் ஃபார்மட். பட்டியலில் அது காலியாகவே காட்டியது. பழைய 4 ஜிபி ஒன்றைத் தேடியெடுத்து ஃபேட்32 என்ற பழைய ஃபார்மட்டுக்கு மாற்றிச் செருகினேன். அப்புறம் எல்லாம் சில நிமிட வேலை.

ஒரு ஃபைல் வரும் என்று நினைத்தேன், பல ஃபைல்கள் வந்தன. ரோம்0 என்று முடிவதுதான் முக்கியம். சரியாக 4 எம்பி, அதாவது 41,94,304 பைட். என்விஎம் என்பதில் மொழி, நேரம் மாதிரி மிஷினின் சொந்த அமைப்புகள் இருக்கும். எல்லாவற்றையும் பெயர் மாற்றாமல் ஒரே ஃபோல்டரில் வையுங்கள்.

பிசிஎஸ்எக்ஸ்2-ஐ நான் மனதாரப் பாராட்டுவது இதற்கு அடுத்த கட்டத்துக்காக. முதல்முறை திறந்ததும் வரும் அமைவுப் பக்கங்களில் பயாஸுக்கென்று ஒரு பக்கம் இருக்கிறது. அங்கே காட்டவேண்டியது ஃபைலை அல்ல, ஃபோல்டரை. புதிதாக வருபவர்கள் இந்த இடத்தில் தடுமாறக்கூடும், பொறுமையாகப் படியுங்கள். ஃபோல்டரைக் காட்டியதும் என் பயாஸ் எந்தப் பிராந்தியம், எந்தப் பதிப்பு என்பது கொடியோடு பட்டியலில் வந்து நின்றது. அதைத் தேர்ந்தெடுத்தேன், சரி, வேலை முடிந்தது.

ஒரே ஒரு வேண்டுகோள். முதல் தடவையாவது நேராக கேமுக்குத் தாவும் ஃபாஸ்ட் பூட்டை விட்டுவிட்டு, தொடக்கக் காட்சியும் வரும் முழு பூட்டில் ஓட்டுங்கள். அந்த ஆழ்ந்த ஓசையோடு இருட்டில் தூண்கள் எழும்பி வரும். எந்தெந்த கேமை எத்தனை தடவை ஆடினோம் என்ற கணக்கு மெமரி கார்டில் இருக்கும், அதை வைத்துத்தான் அந்தத் தூண்கள் முளைத்து உயரும். எமுலேட்டரின் கார்டு புதுசு என்பதால் எனக்கு அங்கே வெறும் இருட்டுத்தான் தெரிந்தது. மறுநாள் ஒரு கேமை ஆடிவிட்டு மறுபடி பூட் செய்தேன். ஒற்றைத் தூண், குட்டையாக, நடுவில் நின்றுகொண்டிருந்தது.